நடுக்களத்தில் நின்றவர்: டாக்டர் தாலிமெரன் ஆவோ

சுதந்திர இந்தியாவின் கொடி ஒலிம்பிக் அரங்கில் முதன்முதலாக ஏந்திச் செல்லப்பட்ட நாள் 1948-ஆம் ஆண்டு ஜூலை 29. லண்டன் மாநகரின் வெம்ப்ளி விளையாட்டரங்கில், ஆறாம் ஜார்ஜ் மன்னரின் முன்னிலையில், பல நாட்டு வீரர்களும் அணிவகுத்து நடந்தனர். விடுதலை பெற்று ஓராண்டு கூட நிறையாத நம் நாட்டின் மூவர்ணக் கொடியைத் தாங்கி முன்னே நடந்தவர் யார்? 1928, 1932, 1936 ஆகிய மூன்று ஒலிம்பிக் பந்தயங்களிலும் ஹாக்கியில் தங்கப் பதக்கம் வென்ற நாடு நம்முடையது. ஆதலின் அக்கொடி ஹாக்கி வீரர் ஒருவரின் கையில்தான் இருந்திருக்கும் என்று நினைப்பது இயல்பே. ஆனால் அவ்வாறன்று. கொடியை ஏந்தியவர் முப்பது வயதுள்ள ஒரு நாகர். கல்கத்தாவில் மருத்துவம் படித்துக்கொண்டிருந்த மாணவர். இந்தியக் கால்பந்துக் குழுவின் தலைவர். அவர் பெயர் தாலிமெரன் ஆவோ.

இப்பெயரை இன்று எத்தனை பேர் அறிவார்கள்? நாம் தமிழ்நாட்டைவிட்டு வந்து, தொழிலின் பொருட்டுப் பிற மாநிலங்களில் குடியேறி வாழ்பவர்கள். புது ஊரின் மொழியைக் கற்கிறோம். அதன் உணவுக்கும் வெயிலுக்கும் குளிருக்கும் பழகிக்கொள்கிறோம். ஆயினும் அந்த ஊருக்கும் அப்பால் உள்ள மக்களைப் பற்றி நாம் அறிந்தது மிகச் சிறிது. வடகிழக்கு மலைநாடுகளைப் பொறுத்தவரை இது முற்றிலும் உண்மை. நாம் ஊரைவிட்டு வந்ததுபோலவே ஊரைவிட்டு வந்து, வந்த ஊரில் பெரும்புகழ் ஈட்டிய ஒருவரின் வரலாறு, நமக்கு நெருக்கமானதாகவே தோன்றும்.

தாலிமெரன் 1918-ஆம் ஆண்டு ஜனவரி 28-ஆம் நாள் சாங்கி என்னும் மலைக் கிராமத்தில் பிறந்தார். அந்நாளில் அது அஸ்ஸாம் மாகாணத்தைச் சேர்ந்த நாகமலை மாவட்டத்தில் இருந்தது. இன்று நாகாலாந்தின் மொகொக்சுங் மாவட்டத்தில் உள்ளது. 'ஆவோ' என்பது அவர் பிறந்த குலத்தின் பெயர். நாகர் என்று நாம் ஒரே சொல்லால் அழைக்கும் மக்களுள் பல குலங்கள் உண்டு. ஒவ்வொரு குலத்திற்கும் தனித்தனி மொழி உண்டு. ஒரு குலத்தாரின் பேச்சு அடுத்த மலையில் வாழ்பவருக்கு விளங்காமற் போவதும் உண்டு. அவருடைய தந்தையார் கிறிஸ்தவப் போதகர். பெரிய குடும்பம். ஆவோ நாட்டில் அமெரிக்கப் பாதிரிமார்கள் நிலையம் அமைத்திருந்த இம்பூரின் மைதானத்தில், கந்தல் துணியை உருட்டிக் கட்டிய பந்தை உதைத்துத்தான் சிறுவன் தாலிமெரன் ஆட்டம் பயின்றான் என்பர். மலைச் சரிவில் பந்து உருண்டால் அதை எடுத்துவர இறங்கி ஏற வேண்டும். ஆதலின் பந்தைக் காலைவிட்டு அகல விடாமல் காப்பதே முதற் பாடமாயிற்று என்று நாம் எண்ணிக்கொள்ளலாம்.

1935-ஆம் ஆண்டு தந்தையார் விஷ ஜுரத்தால் இறந்தார். மகனுக்கு அப்போது வயது பதினேழு. இறக்குமுன் தந்தை தம் மகனிடம் ஒரு விருப்பத்தைத் தெரிவித்தார்: அவன் மருத்துவம் கற்று நாக மக்களுக்குத் தொண்டு புரிய வேண்டும் என்பது அது. மலைகளில் அக்காலத்தில் மருத்துவர் அரியர். நோயாளியைச் சுமந்துகொண்டு நாட்கணக்கில் நடக்க வேண்டிய நாடு அது. ஜுரத்தில் தம் உயிர் நீங்கும் வேளையில் ஒரு தந்தை இத்தகைய விருப்பத்தைச் சொல்வாராயின் அது வெறும் ஆசையன்று. மகனும் அதை அவ்வாறு கொள்ளவில்லை. பின்னர் அவர் வாழ்வில் நிகழ்ந்த ஒவ்வொரு திருப்பத்திலும் இவ்வாக்கு குறுக்கே நின்றது, அல்லது வழிகாட்டி நின்றது.

ஜோர்ஹாட்டில் மிஷன் பள்ளியில் பயின்றபின், கௌஹாத்தியில் புகழ்பெற்ற காட்டன் கல்லூரியில் சேர்ந்தார். அங்கே கால்பந்து மட்டுமன்றிப் பிற விளையாட்டுகளிலும் அவர் பெயர் விளங்கிற்று. அந்நகரின் மகாராணா கழகத்திற்காக ஆடத் தொடங்கினார். பிரம்மபுத்திரா நதிக்கரையில் மழைக்காலம் முழுதும் சேறு மிதந்த மைதானங்களில், வெறுங்காலோடு ஆடிய அந்த நெடிய இளைஞரைப் பற்றிய செய்தி மெல்ல மெல்லக் கல்கத்தாவிற்கும் எட்டியது. 1942-இல் கல்கத்தாவின் கார்மைக்கேல் மருத்துவக் கல்லூரியில் அவருக்கு இடம் கிடைத்தது. இன்று ஆர்.ஜி. கர் மருத்துவக் கல்லூரி என்று அழைக்கப்படுவது அதுவே. மகாராணா கழகத்தில் உடன் ஆடிய சரத் தாஸ் என்னும் நண்பர் அதற்கு முன்பே கல்கத்தாவின் மோகன் பகான் கழகத்தில் சேர்ந்திருந்தார். அவருடைய அறிமுகத்தால் 1943-இல் தாலிமெரனும் பச்சையும் கருஞ்சிவப்பும் கலந்த அக்கழகத்தின் சட்டையை அணிந்தார்.

மோகன் பகான் என்பது வங்காளத்தில் வெறும் ஒரு விளையாட்டுக் கழகத்தின் பெயரன்று. 1911-ஆம் ஆண்டு ஐ.எஃப்.ஏ. கேடயத்தின் இறுதி ஆட்டத்தில், கிழக்கு யார்க்ஷயர் படைப்பிரிவைச் சேர்ந்த ஆங்கிலச் சிப்பாய்களை இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் வென்ற கழகம் அது. அன்று பதினோரு பேரில் பத்துப் பேர் வெறுங்காலுடன் ஆடினர். வெள்ளையரை அவர்களுடைய ஆட்டத்திலேயே, அவர்களுடைய பூட்ஸுகளுக்கு எதிரில் வெறுங்காலால் வென்ற செய்தி நாடெங்கும் பரவியது. அத்தகைய கழகத்தில், வங்க மொழி பேசாத, மலையிலிருந்து வந்த ஒருவர் இடம்பெறுவது எளிதன்று. இடம்பெற்றது மட்டுமா? அவரே அக்கழகத்தின் தலைவராகவும் ஆனார்.

அவர் ஆடிய இடத்தைப் பற்றி இங்குச் சிறிது விளக்குதல் வேண்டும். மொழிபெயர்ப்பைத் தொழிலாகக் கொண்ட நமக்குக் கால்பந்தின் சில சொற்கள் எப்போதும் தொல்லை தருவன. அவற்றுள் ஒன்று 'ஸென்டர் ஹாஃப்'. சொல்லுக்குச் சொல் பெயர்த்தால் 'நடுப் பாதி' என்று பொருளற்றுப் போகும். அக்கால முறைப்படி, கோல் காப்பவரைத் தவிர்த்த பத்துப் பேரும் மூன்று வரிசைகளாக நிற்பர்: பின்னே இருவர், நடுவே மூவர், முன்னே ஐவர். நடு வரிசையில் நிற்கும் மூவரே 'ஹாஃப்' எனப்பட்டோர். அம்மூவரிலும் நட்டநடுவே நிற்பவர் 'ஸென்டர் ஹாஃப்'. இன்று நாம் நடுக்கள வீரர் என்று சொல்கிறோமே, அப்பணியின் முன்னோர் இவர்.

அவருக்கு இரண்டு கடமைகள். எதிரிகள் தாக்கும்போது பின்வாங்கி அவர்களுடைய நடு முன்வரிசை வீரரைத் தடுக்க வேண்டும். பந்து கைக்கு வந்ததும், அதாவது காலுக்கு வந்ததும், தம் முன்வரிசையினரில் எவர் தடையின்றி நிற்கிறார் என்று கண்டு அவரிடம் அதைச் சேர்க்க வேண்டும். கோல் போட்டவரின் பெயரை மறுநாள் பத்திரிகை அச்சிடும். கோல் காத்தவரைச் சபையோர் கொண்டாடுவர். நடுவில் நின்றவருடைய உழைப்போ ஆட்டம் முழுவதிலும் கலந்து கிடக்கும். அதைத் தனியே பிரித்துக் காட்டுவது கடினம். இங்கிலாந்தில் 1925-ஆம் ஆண்டு 'ஆஃப்சைடு' விதி மாறியபின் இவ்விடத்தின் தன்மையே மாறிவிட்டது. ஸென்டர் ஹாஃப் பின்வரிசைக்கு இறக்கப்பட்டு வெறும் காவலர் ஆனார். நம் நாட்டிலோ பழைய அமைப்பே நெடுநாள் நீடித்தது. ஆதலின் நம் மைதானங்களில் அந்த இடம் இன்னும் குழுவின் அச்சாணியாகவே இருந்தது. உயரமும் நிதானமும் உடைய தாலிமெரன் அதற்கென்றே பிறந்தவர்போல் அமைந்தார்.

அவர் ஆடிய ஆண்டுகளில் கல்கத்தா அமைதியான நகரமாக இருக்கவில்லை. 1943-இல் வங்காளப் பஞ்சம் வந்தது. பசித்த மக்கள் கூட்டங்கூட்டமாக நகரத்து வீதிகளில் வந்து மடிந்தனர். 1944-இல், ஏப்ரல் முதல் ஜூன் வரை, அவருடைய மலைநாட்டிலேயே போர் நிகழ்ந்தது. கொஹிமா நகரைச் சூழ்ந்த ஜப்பானியப் படைக்கும் பிரிட்டிஷ் இந்தியப் படைக்கும் நடந்த கொடும்போர் அது. 1946-இல் நகரத்தில் வகுப்புக் கலவரம் மூண்டது. 1947-இல் வங்கம் இரண்டாகப் பிரிந்தது. பகலில் மருத்துவமனை, மாலையில் மைதானம், இரவில் பாடப் புத்தகம் என்று ஓர் இளைஞர் இந்த ஆண்டுகளைக் கடந்தார். மோகன் பகான் 1943-லும் 1944-லும் கல்கத்தா லீக் பட்டத்தை வென்றது. 1947-லும் 1948-லும் ஐ.எஃப்.ஏ. கேடயத்தைக் கைப்பற்றியது.

ஒன்றை இங்கு நினைவிற் கொள்ள வேண்டும். அந்நாளில் நம் நாட்டில் கால்பந்து ஒரு தொழிலன்று. கழகங்கள் ஆட்டக்காரருக்குச் சம்பளம் கொடுத்து ஒப்பந்தம் எழுதிக்கொள்ளும் வழக்கம் இல்லை. ரயில்வேயிலோ, துறைமுகத்திலோ, சுங்க இலாகாவிலோ ஒரு வேலை கிடைத்தால் அதுவே பெரும்பேறு. தேசிய அளவில் நடத்தப்பெற்ற முதல் கால்பந்து லீக் 1996-இல்தான் தொடங்கிற்று. எனவே ஆட்டத்தையே நம்பி வாழ்வு நடத்த எண்ணியவருக்கு நம் நாட்டில் வழி இருக்கவில்லை. வழி திறந்த வேளையில் தாலிமெரன் என்ன செய்தார் என்பதைப் பின்னர்க் காண்போம்.

1948-இல் லண்டன் ஒலிம்பிக்கிற்குச் செல்லும் இந்தியக் குழுவிற்கு அவர் தலைவராக நியமிக்கப்பெற்றார். வங்கத்தின் சைலேன் மன்னா துணைத் தலைவர். அக்குழுவின் பெயர்ப் பட்டியலைப் படிக்கும் தமிழருக்கு ஓர் இன்ப வியப்புக் காத்திருக்கிறது. வரதராஜ், வஜ்ரவேலு, சண்முகம், தன்ராஜ், ராமன்: எல்லாம் நமக்குப் பழகிய பெயர்கள். சாரங்கபாணி ராமன் பெங்களூர்க்காரர். அந்நாளில் மைசூர் நாடு வங்காளத்திற்கு ஈடாகக் கால்பந்து வீரர்களை உருவாக்கிய களமாக விளங்கிற்று. 1946-இல் சந்தோஷ் கோப்பையை வென்றதும் மைசூரே. பெங்களூரின் அகமது கான், கல்கத்தாவில் ஆடிய மேவாலால், திருவிதாங்கூரின் வர்கீஸ் என்று பல மொழியினரும் கூடிய குழு அது. அதன் நடுவே நின்று அனைவரையும் இணைத்தவர் ஆவோ மொழியைத் தாய்மொழியாகக் கொண்ட ஒருவர்.

ஜூலை 31-ஆம் நாள் லண்டனின் புறநகராகிய இல்ஃபர்டில் பிரான்ஸ் நாட்டுக் குழுவுடன் ஆட்டம் நிகழ்ந்தது. நம்மவருள் பெரும்பாலோர் வெறுங்காலுடன் களம் புகுந்தனர். சிலர் கணுக்காலில் துணிக்கட்டு மட்டும் சுற்றியிருந்தனர். காண வந்த ஆங்கிலேயர் வியந்தனர். முப்பதாம் நிமிடத்தில் பிரெஞ்சுக்காரர் ஒரு கோல் அடித்தனர். நம்மவர் தளரவில்லை. எழுபதாம் நிமிடத்தில் ராமன் பந்தை வலைக்குள் செலுத்திக் கணக்கைச் சமப்படுத்தினார். ஒலிம்பிக் கால்பந்தில் இந்தியா பெற்ற முதல் கோல் அதுவே. ஆயினும் வெற்றி கிட்டவில்லை. அந்த ஆட்டத்தில் நமக்குக் கிடைத்த இரண்டு பெனால்டி வாய்ப்புகளும் வீணாயின. நம் நாட்டில் ஆட்டங்கள் குறைந்த நேரமே நடப்பது வழக்கம்; அங்கோ தொண்ணூறு நிமிடம் ஓட வேண்டும். எண்பத்தொன்பதாம் நிமிடத்தில் பிரெஞ்சுக்காரர் இரண்டாவது கோலை அடித்துவிட்டனர். இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் நாம் தோற்றோம்.

தோல்வியுற்ற குழுவைச் சபையோர் கைதட்டி வழியனுப்பினர். ஏன் பூட்ஸ் அணியவில்லை என்று கேட்ட பத்திரிகையாளருக்குத் தாலிமெரன் தந்த மறுமொழி இன்றும் வழங்கிவருகிறது. நாங்கள் ஆடுவது 'ஃபுட்பால்', நீங்கள் ஆடுவது 'பூட்பால்' என்று அவர் சொன்னாராம். இதுவும் மொழிபெயர்ப்பாளரின் கையில் அகப்படாத ஒன்று. காலால் ஆடும் பந்து, பூட்ஸால் ஆடும் பந்து என்று நீட்டிச் சொன்னால் அதிலுள்ள சிரிப்பு மறைந்துவிடும். வேடிக்கையாகச் சொன்ன அச்சொல்லில் தன்மானமும் இருந்தது. எனினும் உண்மையை மறைத்தல் ஆகாது. வெறுங்கால் ஆட்டம் உலர்ந்த தரைக்கே ஏற்றது; ஈரத் தரையிலும் குளிரிலும் அது நம்மைக் கைவிட்டது. 1952-இல் ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் யூகோஸ்லாவியாவிடம் பத்துக்கு ஒன்று என்று நம் குழு தோற்றது. அதன் பின்னரே பூட்ஸ் அணிவது கட்டாயமாயிற்று.

லண்டனில் ஆடிய அந்த நாட்களில்தான் தாலிமெரனுக்கு வேறொரு வழி திறந்ததாகச் சொல்வர். அந்நகரின் ஆர்சனல் கழகம் ஓராண்டு ஒப்பந்தம் செய்துகொள்ள அவரை அழைத்தது என்றும், அவர் அதனை மறுத்தார் என்றும் அவர் வரலாற்றை எழுதியோர் பலரும் கூறுகின்றனர். ஆர்சனல் அந்நாளில் இங்கிலாந்தின் தலைசிறந்த கழகங்களுள் ஒன்று; கால்பந்து அங்கே முழுநேரத் தொழில். இந்தியாவில் எந்த ஆட்டக்காரரும் கனவிலும் காணாத வாழ்வு அது. ஆனால் கல்கத்தாவில் மருத்துவப் படிப்பு முடியாமல் காத்திருந்தது. பதின்மூன்று ஆண்டுகளுக்கு முன் தந்தைக்கு அளித்த வாக்கும் காத்திருந்தது. அவர் கல்கத்தாவிற்கே திரும்பினார்.

இதனை நாம் எளிதாகப் பாராட்டிவிட்டு அப்பாற் செல்லலாம். ஆனால் அவர் இழந்தது சிறிதன்று. ஆட்டக்காரனின் காலம் குறுகியது. முப்பது வயதில் வரும் அழைப்பு முப்பத்தைந்தில் வாராது. படிப்போ காத்திருக்கும், ஓராண்டு கழித்து வந்தாலும் நூல்கள் அதே அலமாரியில்தான் இருக்கும். இவ்வாறு தம்மைத் தாமே சமாதானம் செய்துகொள்ள அவருக்குக் காரணங்கள் இருந்தன. ஆட்டத்தின் பொருட்டு அவர் படிப்பு ஏற்கெனவே நீண்டுகொண்டு போயிற்று. 1942-இல் சேர்ந்தவர் பட்டம் பெற்றது 1950-இல்தான். இன்னும் ஒருமுறை தள்ளிப்போட்டால் அது என்றுமே முடியாமற் போகலாம் என்பதை அவர் உணர்ந்திருத்தல் வேண்டும். ஒன்றை விட்டால்தான் மற்றொன்று நிற்கும் என்னும் வேளை எல்லோருக்கும் ஒருநாள் வருகிறது.

பட்டம் பெற்றபின் மேலும் சிறிது காலம் மோகன் பகானுக்கு ஆடினார். 1952-உடன் அவருடைய கல்கத்தா வாழ்வு நிறைவுற்றது. அஸ்ஸாமின் திப்ருகரில் காது, மூக்கு, தொண்டை நோய்ப் பிரிவில் சில காலம் பணியாற்றினார். 1953-இல் நாகமலைக்கே திரும்பி, கொஹிமா மருத்துவமனையில் சேர்ந்தார். அது எளிய காலமன்று. அந்தப் பத்தாண்டுகளில்தான் நாகமலைகளில் அரசியற் பூசல் முற்றி, துப்பாக்கி ஓசை கேட்கத் தொடங்கியது. 1963-ஆம் ஆண்டு டிசம்பர் 1-ஆம் நாள் நாகாலாந்து தனி மாநிலமாயிற்று. அம்மாநிலத்தின் சுகாதாரத் துறை இயக்குநர் பதவிவரை உயர்ந்து, 1978-இல் அவர் ஓய்வு பெற்றார். வெம்ப்ளியில் கொடி ஏந்திய கை மலைக் கிராமத்தாரின் நாடியைப் பார்த்து இருபத்தைந்து ஆண்டுகள் கழித்தது. 1998-ஆம் ஆண்டு செப்டம்பரில், எண்பது வயதில், அவர் காலமானார்.

நாடு அவரைத் தக்கவாறு நினைவு கூர்ந்ததா? வடகிழக்கு மாநிலங்கள் மறக்கவில்லை. காட்டன் கல்லூரியின் உள்ளரங்கத்திற்கு அவர் பெயர் இடப்பட்டது. வடகிழக்கு மாநிலங்களுக்கிடையே அவர் பெயரால் ஒரு கோப்பைப் போட்டியும் ஏற்பட்டது. ஏனையோர் மெல்ல மறந்தனர். ஆனால் அவர் தொடங்கிவைத்த வழி அடைபடவில்லை. 2017-ஆம் ஆண்டு பதினேழு வயதிற்குட்பட்டோர் உலகக் கோப்பை நம் நாட்டில் நடைபெற்றது. அதில் ஆடிய இருபத்தொருவர் கொண்ட இந்தியக் குழுவில் எட்டுப் பேர் நாகாலாந்தின் அண்டை மாநிலமான மணிப்பூரைச் சேர்ந்தவர்கள். குழுத் தலைவர் அமர்ஜித் சிங் ஒரு நடுக்கள வீரர். அக்டோபர் 9-ஆம் நாள் கொலம்பியாவிற்கு எதிராக, உலகக் கோப்பைப் போட்டியொன்றில் இந்தியாவின் முதல் கோலை அடித்த ஜீக்சன் சிங்கும் நடுக்கள வீரர்; அவரும் மணிப்பூர்க்காரர். அந்த ஆட்டத்திலும் நாம் இரண்டுக்கு ஒன்று என்றே தோற்றோம். இல்ஃபர்டில் கண்ட அதே கணக்கு!

தலைநகரில் நாம் வாழும் குடியிருப்பின் மைதானத்தில் மாலைதோறும் சிறுவர்கள் பந்தாடுகின்றனர். பஞ்சாபியும் வங்காளியும் மலையாளியும் தமிழ்ச் சிறுவனும் ஒரே குழுவில் கலந்து ஆடுவர். மணிப்பூரிலிருந்து வந்த குடும்பத்துப் பிள்ளை ஒருவன் எப்போதும் நடுவில்தான் நிற்பான். அவன் சொன்ன இடத்தில் மற்றவர் ஓடுவர். அவன் எங்கிருந்து வந்தவன் என்று ஆட்டம் நடக்கும்வரை எவரும் கேட்பதில்லை. ஆட்டம் முடிந்தபின் சில பெரியவர்கள், அவன் அயல்நாட்டுப் பிள்ளையோ என்று கேட்பதுண்டு. அந்த வேளையில் அவர்களுக்குத் தாலிமெரன் ஆவோவின் கதையைச் சொல்ல வேண்டும் என்று நமக்குத் தோன்றும்: சுதந்திர இந்தியாவின் கொடியை ஒலிம்பிக் அரங்கில் முதன்முதல் தாங்கியவர் அந்த மலைகளிலிருந்து வந்தவர்தாம் என்று.

ஊரைவிட்டு வந்த நாம் எல்லோருமே திரும்பிச் செல்வதில்லை. திரும்பிச் செல்லவேண்டும் என்பதுமில்லை. கல்கத்தா அவருக்குக் கல்வியும் புகழும் தந்தது. அதற்கு ஈடாகப் பத்து ஆண்டுகள் தம் கால்களை அந்நகருக்குத் தந்தார். மலை அவரைப் பெற்றது. அதற்குத் தம் எஞ்சிய வாழ்வைத் தந்தார். இரு பக்கத்துக் கடனையும் நிலுவையின்றித் தீர்த்த அவருடைய கணக்கை நாம் அறிந்து வைத்தல் நன்று.